மிராசுதார் கேட்ட பேர்

மிராசுதார் சேதுராயருக்கு நாலாவதும் பெண். பேர் வைக்கிற அன்றைக்கு வீடு நிறையச் சொந்தபந்தம். அவர் முகத்தில் மட்டும் எள்ளும் கொள்ளும் வெடித்தது. கொட்டிலில் சாணி அள்ளிக்கொண்டிருந்த வேலைக்காரியைக் கூடத்துக்கு வரவழைத்தார். அவள் பேர் போதும்பொண்ணு. இனிமேல் பெண் வேண்டாம் என்று சாமிக்குச் சொல்வதற்காக வைக்கிற பேர் அது.

“உன் பேரைத்தான் என் மகளுக்கு வைக்கப்போறேன். கூடாதுன்னு என் பொண்டாட்டி அழறா. அது நல்ல பேர்னு நீயே சொல்லு. மாத்திச் சொன்னே, நாளைக்கு வேலைக்கு வராதே.”

“நல்ல பேருங்க. எனக்கப்புறம் எங்கம்மாவுக்கு மூணு பிறந்துச்சுங்க.”

மிராசுதார் மீசையைத் தடவினார். “பார்த்தீங்களா! மூணும் பையன்தானே?”

“மூணும் பொண்ணுங்க, எசமான்.”

கூடமே சிரித்தது.

“அப்புறம் என்னடி நல்ல பேர்?” என்று கத்தினார்.

“எங்கப்பா தினம் தினம் கூப்பிட்டது சாமிக்குக் கேக்கலைங்க. எனக்குத்தான் கேட்டுச்சு.”

சிரிப்பு நின்றது. மிராசுதார் தலையைக் குனிந்துகொண்டார். அத்தைக்காரி குழந்தையின் காதில் ‘பூங்கோதை’ என்று சொன்னாள். எல்லாருக்கும் சர்க்கரை கொடுத்தார்கள்.

சமையல்கட்டிலிருந்து குரல் வந்தது: “ஏய் போதும்பொண்ணு! எச்சில் இலை எடுக்க வாடி!”

“இதோ வந்துட்டேங்க” என்று போனாள்.