யார் வாயிலும் வராத பேர்

அரைக்காணிப்பட்டிக்காரர்களை முட்டாள்கள் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். சொன்னதைச் சொன்னபடி செய்கிறவர்கள், அவ்வளவுதான். பேருந்தில் 'படியில் நிற்காதே' என்று எழுதியிருக்கிறது அல்லவா, அதற்கு அடங்கி நடக்கிற ஒரே ஊர் அதுதான். எல்லாரும் படியில் உட்கார்ந்தே பயணம் செய்வார்கள்.

அந்த ஊர்க் குலசாமி தும்பைசாமி. ஒவ்வொரு வீட்டிலும் தலைப்பிள்ளைக்குச் சாமி பேரைத்தான் வைக்க வேண்டும். ஆண் என்றால் தும்பையன், பெண் என்றால் தும்பாயி. தெருவில் நின்று "தும்பையா" என்று ஒரு குரல் கொடுத்தால் பாதி ஊர் வந்து நிற்கும். ஏன் இத்தனை பேர் போகிறார்கள் என்று பார்க்க மீதி ஊரும் வந்துவிடும்.

அதனால் ஆளுக்கொரு அடைமொழி கொடுத்தார்கள். கிணற்றுக்குப் பக்கத்தில் வீடு கட்டியவன் கிணத்தடித் தும்பையன். நெல் மூட்டை சுமக்கிறவன் மூட்டைத் தும்பையன். இப்படியே கொடுத்துக்கொண்டு வந்ததில் கடைசியாக ஒருவர் மிஞ்சினார். அவருக்குக் கொடுக்க ஒன்றும் தோன்றவில்லை. மிச்சத் தும்பையன் என்று சொல்லிவிட்டு எல்லாரும் சாப்பிடப் போய்விட்டார்கள். நாளடைவில் வெறும் மிச்சம் என்றே ஆகிவிட்டது.

மிச்சம் இதை மறக்கவில்லை. அவர் எதையுமே மறக்கிற ஆள் இல்லை. ஆனாலும் அடைமொழியைக்கூட ஒரு நாள் மன்னித்திருப்பார். மன்னிக்க முடியாதது பல் விஷயம்.

ஒரு தடவை ஊருக்கு இலவசமாகப் பல் பார்க்கிற டாக்டர் வந்திருந்தார். கிணத்தடிக்குப் பல்வலி. பேரைக் கொடுத்துவிட்டு, தண்ணீர் குடிக்கப் போனான். டாக்டர் "தும்பையன்" என்று கூப்பிட்டார். மிச்சம் எழுந்து போனார். பேரைச் சொல்லிக் கூப்பிட்ட பிறகு போகாமல் இருப்பது மரியாதையா? வாயைத் திற என்றார், திறந்தார். நல்ல கெட்டியான கடைவாய்ப்பல் ஒன்று போயிற்று.

திரும்பி வந்த கிணத்தடி, பிடுங்கிய பல்லைப் பார்த்தான். அந்த நிமிஷத்திலிருந்து அவனுக்கு வலியே இல்லை. இன்றைக்கும் யாரைப் பார்த்தாலும், "எனக்காகப் பல்லைக் கொடுத்த அண்ணன்" என்று உருகுவான். மிச்சம் அவனோடு பேச்சை நிறுத்தவில்லை. விலகிப் போய்விட்டால் அப்புறம் யாரைப் பார்த்து முறைப்பது?

இப்படி இருக்கையில் மிச்சத்தின் மருமகள் பவளக்கொடி உண்டானாள். வீட்டுக்குத் தலைப்பிள்ளை. ஊரே மகிழ்ந்தது, மிச்சம் மட்டும் கன்னத்தைத் தடவிக்கொண்டே பூசாரியிடம் போனார்.

"பூசாரி, என் பேரப்பிள்ளைக்கு இந்தப் பேர் வேண்டாம். என் பல்லு போனது போதும்."

பூசாரி யோசித்தார். "தொட்டில்ல போடுற அன்னைக்குக் காதுல சொல்ல வேற பேர் கையில இருந்தா சொல்லிக்க. இல்லைன்னா சாமி பேர்தான்."

மிச்சம் இரண்டு கையையும் விரித்துப் பார்த்தார். ஒன்றும் இல்லை. கவலையோடு வீட்டுக்கு வந்தார்.

மறுநாள் கிணத்தடியையும் மூட்டையையும் கூட்டிக்கொண்டு, பஸ் படியில் உட்கார்ந்து, டவுனில் பேர் பார்த்துச் சொல்கிற ஜோசியரிடம் போனார்.

"ஆணா, பெண்ணா?" என்று கேட்டார் ஜோசியர்.

"இன்னும் வெளியே வரலைங்க."

"அப்ப ரெண்டுக்கும் பொருந்துற பேரா வெச்சிக்குங்க. இப்ப அதுதான் நாகரிகம்."

"வேற யாருக்கும் இருக்கக் கூடாதுங்க. ஒரு ஆளுக்குக்கூட."

"அப்படின்னா நீங்களே புதுசா உண்டாக்கணும்" என்றார் ஜோசியர். அவருக்குச் சாப்பாட்டு நேரம். "இதுவரைக்கும் ஒருத்தர் வாயிலயும் வராத பேரா இருக்கணும். நல்ல அர்த்தம் இருக்கணும். கேள்விப்பட்டவங்க எல்லாம் ஆசைப்படணும். அவ்வளவுதான், போய்ட்டு வாங்க."

ஊருக்கு வந்ததும் மூவரும் புளியமரத்தடியில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டார்கள். பொழுது சாய்கிற நேரத்தில் கிணத்தடி கண்ணைத் திறந்தான்.

"நிலுவி" என்றான்.

மிச்சத்துக்கு உடம்பு சிலிர்த்தது. என்ன பேர். நாக்கில் வைத்தால் கரைகிறது. எந்த டாக்டர் கூப்பிட்டாலும் ஒரே ஆள்தான் எழுந்து போவான். பல் விஷயத்தைக்கூட அந்தக் கணத்தில் அவர் பாதி மன்னித்துவிட்டார்.

மூட்டைதான் பெருமூச்சு விட்டான். "நல்ல பேர்தான். ஆனா, நீ சொல்லிட்டியேப்பா."

"சொன்னா என்ன?"

"எதால சொன்னே?"

கிணத்தடி தன் முகத்தைத் தடவிப் பார்த்தான். "வாயாலதான்."

"ஒருத்தர் வாயிலயும் வராத பேர்னுதானே ஜோசியர் சொன்னார்? உன் வாயில வந்திருச்சே."

மூவரும் தலையில் கைவைத்து உட்கார்ந்தார்கள். மிச்சம் மன்னித்த பாதியைத் திரும்ப எடுத்துக்கொண்டார்.

"என் பல்லையும் கெடுத்தே, பேரப்பிள்ளை பேரையும் கெடுத்தே. அப்படி என்னடா வாய் அரிப்பு உனக்கு?"

"வேற யோசிப்போம் அண்ணே. தவிலின்னு ஒரு பேர் தோணுது..." என்றவன் வாயைப் பொத்திக்கொண்டான். அதுவும் போயிற்று.

"ரெண்டு பேரும் கொஞ்சம் சும்மா இருங்க, பூமிரு எப்படி இருக்குனு நான் மனசுக்குள்ள பார்த்துட்டு இருக்கேன்" என்றான் மூட்டை. அதுவும் போயிற்று.

உலகத்தில் இல்லாத அழகான பேரெல்லாம் அந்த மரத்தடியில் ஒவ்வொன்றாக வீணாகிக்கொண்டிருந்ததை மிச்சத்தால் தாங்க முடியவில்லை. இனி எவனும் வாயைத் திறக்கக் கூடாது என்று சொல்லிவிட்டு, தானே யோசித்தார். மனசுக்குள் ஒரு பேர் வந்தது. அப்படியே உதட்டை இறுக்கிக்கொண்டார்.

"வந்திருச்சா அண்ணே?" என்றான் கிணத்தடி.

மிச்சம் தலையாட்டினார்.

கிணத்தடி அவர் நெற்றியை உற்றுப் பார்த்தான். "பிரமாதமா இருக்கு."

"எனக்கும் பிடிச்சிருக்கு. நடுவுல அந்த இழுவைதான் அழகு" என்றான் மூட்டை.

ரெண்டுக்கும் பொருந்துகிறதா என்று பார்க்க வேண்டும் அல்லவா? மிச்சம் தன் காளை முன்னால் போய் நின்று, மனசுக்குள் அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டார். காளை வைக்கோலைத் தின்றுகொண்டிருந்தது. பசு முன்னால் போய் அதே பேரைச் சொல்லிக் கூப்பிட்டார். பசுவும் வைக்கோலைத் தின்றுகொண்டிருந்தது.

"ஆணும் பெண்ணும் ஒரே மாதிரி நடந்துக்குது" என்றான் மூட்டை. "ஒரு மயிரிழை வித்தியாசம் இல்லை."

அடுத்தது அர்த்தம். பேரைச் சொல்லாமல் அர்த்தத்தை மட்டும் சொல்லலாமா என்று நெடுநேரம் வாதம் நடந்தது. ஜோசியர் பேரைப் பற்றித்தான் சொன்னார், அர்த்தத்தை வாயில் வராதபடி பார்த்துக்கொள்ளச் சொல்லவில்லை என்று முடிவானது. மிச்சம் தொண்டையைச் செருமிக்கொண்டு சொன்னார்.

"காய்ஞ்ச நிலத்துல முதல் மழை விழுந்ததும் ஒரு வாசம் வருமே, அது. ஆனா அதுல கொஞ்சம் வீரமும் இருக்கும்."

அந்த அர்த்தம் ஊரெல்லாம் பரவியது. தண்ணீர் எடுக்கிற இடத்தில் பெண்கள் நின்று பேசினார்கள். இப்படி ஒரு பேரைக் கேள்விப்பட்டதே இல்லை என்றார்கள். அது உண்மைதான். இந்த அர்த்தத்துக்கு இதைவிடப் பொருத்தமான பேர் இருக்கவே முடியாது என்றார்கள். பக்கத்து ஊர்க்காரி ஒருத்தி, எங்கள் வீட்டிலும் வைக்கலாமா என்று கேட்டு அனுப்பினாள். மிச்சம் ஆளனுப்பிக் கண்டிப்பாகக் கூடாது என்றார். கேள்விப்பட்டவர்கள் எல்லாம் ஆசைப்பட்டார்கள். ஜோசியர் சொன்னதில் ஒன்றுகூடக் குறையவில்லை.

பவளக்கொடி மட்டும் கேட்டாள். அவள் வெளியூர்க்காரி. "மாமா, அர்த்தம் நல்லாத்தான் இருக்கு. பேர் என்ன மாமா?"

"தொட்டில்ல போடுற அன்னைக்குத் தெரியும் தாயி" என்றார் மிச்சம்.

குழந்தை பிறந்தது. ஆணா பெண்ணா என்று அரைக்காணிப்பட்டியில் யாரும் கேட்கவில்லை. அதான் ரெண்டுக்கும் பொருந்துகிற பேர் இருக்கிறதே, பிறகு எதற்கு வீணாகத் துணியை விலக்கிப் பார்ப்பது?

தொட்டிலில் போடுகிற நாளும் வந்தது. ஊர் கூடியது. பூசாரி ஒரு பக்கம் திருநீற்றுத் தட்டோடு நின்றார். மிச்சம் தயங்கினால் தும்பைசாமி பேரைக் காதில் சொல்லிவிட வேண்டும் என்று தொட்டில் பக்கமாக அரையடி நகர்ந்தே நின்றார்.

மிச்சம் குழந்தையை வாங்கினார். மூன்று தரம் காதில் பேரைச் சொல்ல வேண்டும். காதுக்குப் பக்கத்தில் வாயைக் கொண்டுபோனார். அப்போதுதான் அவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. வாயைத் திறந்தால் இவ்வளவு பாடும் வீண். வாயில் வந்த பேராகிவிடும். திறக்காவிட்டால் பூசாரி காத்துக்கொண்டிருக்கிறார். இன்னொரு தும்பை. இன்னொரு கடைவாய்ப்பல்.

உதட்டை இறுக்கிக்கொண்டு குழந்தையின் காதோரம் சற்று நேரம் இருந்தார். தலையை எடுத்தார். மறுபடி குனிந்தார், எடுத்தார். மறுபடி குனிந்தார். குழந்தை கொட்டாவி விட்டது.

"சொல்லிட்டியா?" என்றார் பூசாரி.

"சொல்லிட்டேன்."

"எனக்குக் கேக்கலையே."

"உங்க காதுலயா சொன்னேன்?"

பூசாரி தட்டோடு கிட்டே வந்தார். குழந்தையின் முகத்தைக் குனிந்து பார்த்தார். மறுப்பு ஒன்றும் தெரியவில்லை. "பேர் வெச்சாச்சு" என்று திருநீற்றைப் பூசினார். மிச்சம் கண்ணைத் துடைத்துக்கொண்டார். தன் பரம்பரையில் முதல் தடவையாகத் தனக்கென்று ஒரு பேரோடு ஒரு ஜீவன் கிடக்கிறது.

பவளக்கொடி விடவில்லை. "மாமா, நான் என் பிள்ளையை என்னனு கூப்பிடுறது?"

"மனசுக்குள்ள கூப்பிடு தாயி."

"எந்தப் பேரை?"

"நான் நினைச்சதை."

"நீங்க நினைச்சது எனக்கு எப்படித் தெரியும்?"

"அர்த்தத்தைத்தான் அன்னைக்கே சொன்னேனே. அதை வெச்சுக் கண்டுபிடிக்க முடியாதா? நீ டவுன்ல படிச்ச பொண்ணு."

பவளக்கொடி நெற்றியில் அடித்துக்கொண்டு, "குட்டி" என்று கூப்பிட்டுக்கொண்டு போய்விட்டாள். மிச்சத்துக்கு வருத்தம்தான். ஆனாலும் அவர் தினமும் தொட்டில் பக்கத்தில் உட்கார்ந்து, வாயை மூடிக்கொண்டு, பேரப்பிள்ளையை ஆசை தீரப் பேர் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். ஒரு நாள் அந்தப் பேர் அவருக்கே மறந்துபோயிற்று. அதற்காகக் கூப்பிடுவதை அவர் நிறுத்தவில்லை.

எல்லாம் நன்றாகத்தான் போயிற்று, கிணத்தடி வீட்டில் தலைப்பிள்ளைக்குப் பிள்ளை பிறக்கும்வரை.

விழாவுக்கு மிச்சமும் போயிருந்தார். கிணத்தடி குழந்தையைக் கையில் வாங்கினான். எல்லாரும் அமைதியானார்கள். அவன் குழந்தையின் காதோரம் குனிந்து, உதட்டை இறுக்கிக்கொண்டு, ஒன்றும் சொல்லவில்லை.

மிச்சம் இலையை விட்டு எழுந்தார். "நிறுத்துடா. அது என் பேரப்பிள்ளை பேர்."

"இல்லை அண்ணே, இது வேற பேர்."

"என்கிட்டயே கதை விடுறியா? தெளிவாக் கேட்டுச்சே. அதே பேர். இழுவைகூட அதேதான்."

"என் பேருக்கு அர்த்தமே வேற அண்ணே. குளத்துல தாமரை விரியிறப்ப வர்ற வெளிச்சம்."

"என் பேரை எடுத்துக்கிட்டு அர்த்தத்தை மட்டும் மாத்தினா தெரியாதுனு நினைச்சியா? முதல்ல பல்லு, இப்ப இது."

விஷயம் பஞ்சாயத்துக்குப் போனது. ஊர் முழுக்கக் கோயில் முன்னால் உட்கார்ந்தது. பூசாரிதான் நடுவர். இரண்டு பேரையும் எதிரெதிரே நிறுத்தினார்.

"ரெண்டு பேரும் ஒண்ணா, வேறயானு கேட்டாத்தானே தெரியும்" என்றார் பூசாரி. "மிச்சம், உன் பேரப்பிள்ளை பேரை நீ சொல்லு."

மிச்சம் நிமிர்ந்து நின்று, ஊர் முழுக்கக் கேட்கும்படி, வாயை இறுக மூடிக்கொண்டார்.

கிணத்தடி துடித்துப்போனான். "பாருங்க பூசாரி, உங்க முன்னாடியே என் பேரப்பிள்ளை பேரைச் சொல்றார்." சொல்லிவிட்டு அவனும் விடவில்லை. மிச்சத்தின் முகத்துக்கு நேரே போய் நின்று, தன் வாயையும் இறுக மூடிக்கொண்டான். மிச்சம் இன்னும் இறுக்கினார். இருவர் கழுத்திலும் நரம்பு புடைத்தது. ஊரில் ஒரு சத்தம் இல்லை.

பூசாரி இரண்டு காதையும் பொத்திக்கொண்டார்.

"ஒருத்தர் ஒருத்தரா சொல்லுங்கப்பா. ரெண்டு பேரும் ஒரே நேரத்துல இப்படிக் கத்தினா எனக்கு என்ன விளங்கும்?"