ஃபிரேமுக்குக் கீழே

முன்பு ஒரு நடனக்காரியிடம் ஒரு முகமும் இரண்டு பாதங்களும் வேலை பார்த்தன. அவள் பெயர் மேகலை. மேடையில் நவீன நடனம் ஆடுகிறவள். அங்கே பாதங்கள்தான் பெரிய ஆட்கள். முகம் சும்மா மேலே உட்கார்ந்துகொண்டு கூட வரும். கடைசி வரிசைக்கு அது தெரியக்கூடத் தெரியாது.

அப்புறம் சினிமா கூப்பிட்டது.

முதல் நாள் கேமரா முகத்துக்கு ஒரு முழம் தள்ளி வந்து நின்றது. முகம் பழைய பழக்கத்தில், கடைசி வரிசைக்கும் தெரியட்டும் என்று புருவத்தை நெற்றி உச்சிக்கு ஏற்றியது.

"எதுக்கு இந்தக் கத்து கத்துற? பக்கத்துலதான இருக்கேன்" என்றது கேமரா.

முகம் புருவத்தை இறக்கியது. இரண்டு டேக்கில் வேலையைக் கற்றுக்கொண்டது. மூன்றாவதில் திமிர் வந்துவிட்டது.

இயக்குநர் ஜெரோம் மானிட்டரைப் பார்த்துவிட்டு, கால் ஃபிரேமிலேயே இல்லை, தரை வேறு சுடுகிறது, எதையாவது மாட்டிக்கொள்ளுங்கள் என்றார். யாரோ ஒரு குளியலறைச் செருப்பைக் கொண்டுவந்து போட்டார்கள். மேலே பட்டு, கீழே நீல வார் ரப்பர்.

பாதங்களுக்கு அவமானமாகப் போய்விட்டது. செருப்பை வெளியே கழற்றிவிட்டுத்தான் அவை எந்த மேடையிலும் ஏறியிருக்கின்றன. இனிமேல் நமக்கு இங்கே வேலை இல்லை என்று இடது பாதம் புலம்பியது. அப்படியானால் வேலை செய்யாமலே இருந்து காட்டுவோம் என்றது வலது.

பாட்டு ஓடியது. பாதங்கள் கம்பம் மாதிரி நின்றன. முகம் சிரித்தது, உருகியது, ஒரு கண்ணில் மட்டும் நீர்கூட வரவழைத்தது.

"பாஸ்போர்ட் போட்டோ மாதிரி இருக்கும்மா" என்றார் ஜெரோம்.

பதினோரு டேக் போனது. அடுத்ததும் சரிவராவிட்டால் நாளைக்கு வேறு பெண்ணைப் பார்க்க வேண்டியதுதான் என்று அவர் உதவியாளரிடம் சொன்னது முகத்தின் காதில் விழுந்தது.

முகம் முதல் தடவையாகக் கீழே குனிந்தது.

"கொஞ்சம் ஆடுங்களேன்."

"எங்களைத்தான் யாரும் பார்க்கலையே" என்றது வலது பாதம்.

"நீங்க நின்னா எனக்கு ஒண்ணுமே வரமாட்டேங்குது."

இதைச் சொல்ல முகத்துக்குப் பதினோரு டேக் தேவைப்பட்டது.

இடது பாதம் செருப்பை உதறியது. அது பறந்துபோய் லைட் ஸ்டாண்டில் அடித்தது. வலதும் உதறியது. சுடுகிற தரையில் பாதங்கள் ஆடின. மேலே முகம் அதிகமாக எதுவும் செய்யவில்லை. ஷாட் ஓகே.

இந்தக் கண்ணுக்காகத்தான் உங்களைக் கூப்பிட்டேன் என்றார் ஜெரோம். முகம் உண்மையைச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. நன்றி சார் என்றது.

படம் வெளிவந்ததும் மேகலை பகல் காட்சிக்குப் போனாள். திரை முழுக்க முகம். ஆட்கள் விசிலடித்தார்கள். இருட்டில், சீட்டுக்கு அடியில், இடது பாதம் சுருங்கிக் கிடந்தது.

"நாம எங்கயுமே வரலை."

"அங்க எதுக்குப் பார்க்கற? இங்க பாரு" என்றது வலது.

அந்த வரிசை முழுக்கச் செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு, மற்றவர்களின் பாதங்கள் தாளம் போட்டுக்கொண்டிருந்தன.