பதினான்காம் குழியில் ஓர் அடி

துணியை விரல் நுனியில் சுற்றிக்கொண்டு, ஸ்டூலில் ஏறி நின்று, யோகராணி பெயர்களைத் துடைத்துக்கொண்டிருந்தாள். மலைமேல் இருக்கும் அந்த கோல்ஃப் கிளப்பின் கூடத்தில் சுவரை அடைத்துக்கொண்டு ஒரு தேக்குப் பலகை. தேசிய சாம்பியன்களின் பலகை. வருஷத்துக்கு ஒரு வரி, தங்க எழுத்து. மேலே எல்லாம் வெள்ளைக்காரத் துரைமார். நடுவில் ஆறு வருஷம் உலகச் சண்டை, போட்டி இல்லை, வெறும் கோடு. அதற்குக் கீழே ஒரு சமஸ்தானத்து இளவரசர் இரண்டு தடவை, பட்டாளத்து மேஜர் ஒருத்தர் மூன்று தடவை, பிறகு பெரிய வீட்டுப் பிள்ளைகள். ஈரம் பட்டால் தங்கம் உரிந்துவிடும். அதனால் காய்ந்த துணி, அதுவும் பழைய வேட்டித் துணி. கைப்பிள்ளையைச் சமையல்கட்டில் விட்டுவிட்டு வந்து தினமும் இதுதான் அவள் வேலை. கடைசி வரிக்கு வந்ததும் அவள் கை கொஞ்சம் நிற்கும். ஏன் நிற்கிறது என்பதுதான் கதை.

அவள் புருஷன் இராசதுரை அந்த கிளப்பில் மற்றவர்களுக்குப் பை சுமந்தவன். அவர்களைக் ‘கேடி’ என்றுதான் கூப்பிடுவார்கள். ஆங்கிலத்தில் அது வேலையின் பேர். நம் ஊரில் அதற்கு என்ன அர்த்தம் என்று சொல்ல வேண்டாம். பை சுமந்தபடியே ஆட்டத்தைக் கற்றான், போட்டிகளில் ஆடுகிற அளவுக்கு வந்தான். அப்போது அவனுக்குப் பை சுமந்தவள் யோகராணி.

“அந்தப் போர்டுல ஒரு நாள் என் பேரையும் நீ துடைப்ப பாரு. அப்ப எவன் என்னைக் கேடிம்பான்?” என்பான்.

“முதல்ல உங்க பேரை நீங்க ஒழுங்கா எழுதுங்க” என்பாள் அவள்.

இராசதுரை பள்ளிக்கூடம் போனதில்லை. ஐந்தாம் வகுப்பு படித்த அவள்தான் அவன் கைமேல் தன் கையை வைத்துக் கையெழுத்துப் பழக்கினாள். அதனால் இரண்டு பேர் கையெழுத்தும் ஒன்றுபோலவே இருக்கும். ஒவ்வொரு ஆட்டமும் முடிந்ததும், குழிக்கு எத்தனை அடி என்று குறித்த அட்டையில் உள்ள எண்களை அவளிடம் வாய்விட்டுச் சொல்வான். நாலு, மூணு, அஞ்சு என்று பதினெட்டுக் குழிக்கும். அவள் தலையாட்டிய பிறகுதான் பேனாவைத் தொடுவான்.

தேசியப் போட்டியின் கடைசி நாள். இராசதுரையும் ஞானராஜும் எதிரெதிராக, ஒன்றாகவே நடந்து ஆடினார்கள். ஞானராஜும் பை சுமந்து வந்தவன்தான். ஒருவர் அட்டையை மற்றவர் எழுத வேண்டும், முடிந்ததும் ஆடியவர் கையெழுத்துப் போட வேண்டும். பதினான்காம் குழியில் இராசதுரையின் பந்து தேயிலைச் செடிக்குள் போய்விட்டது. ஞானராஜ் அந்தப் பக்கம் தன் பந்தைத் தேடிக்கொண்டிருந்தான்.

“ராணி, பந்து அசைஞ்சிருச்சு. என் கால் பட்டுத்தான். அபராதமா எனக்கு ஒரு அடி கூட்டிக்கணும்.”

“யாரும் பாக்கலையே.”

“நீ பாத்தியே.”

பந்தை எடுத்து இருந்த இடத்திலேயே வைத்தான். நெஞ்சைத் தடவிக்கொண்டே, “கடைசியில மேசையில சொல்லிக்கிறேன். இப்ப மூச்சு வாங்குது” என்றான்.

பதினெட்டாம் குழி முடிந்தது. அட்டைப்படி ஞானராஜைவிட இராசதுரைக்கு ஓர் அடி குறைவு. அடி குறைந்தவனுக்கே ஜெயம், அவன்தான் சாம்பியன். கை தட்டினார்கள். அட்டையைக் கொடுக்கும் கூடாரத்துக்குள் வந்து மேசைமுன் நாற்காலியில் உட்கார்ந்தான். பேனாவை எடுத்தான். அப்படியே பக்கவாட்டில் சாய்ந்தான். கூட்டத்தில் இருந்த டாக்டர் கழுத்தைத் தொட்டுப் பார்த்துவிட்டுத் தலையை அசைத்தார். பெஞ்சில் கிடத்திக் கம்பளியால் மூடினார்கள்.

போட்டி அதிகாரி கர்னல் பெள்ளியப்பா அட்டையைப் பார்த்தார். “கையெழுத்து இல்லாத அட்டை செல்லாதும்மா” என்றார். பிறகு தன் பேனாவைத் திறந்து அட்டையின் பக்கத்தில் வைத்துவிட்டு, “ஆம்புலன்ஸ் வந்திருச்சான்னு பாக்குறேன்” என்று வாசலுக்குப் போய் முதுகைக் காட்டி நின்றுகொண்டார்.

ஞானராஜ் அழுதுகொண்டே கிட்ட வந்தான். “அண்ணி, போட்டுருங்க. அண்ணன் கையெழுத்தே உங்க கையெழுத்துத்தானே? விழுறதுக்கு முந்தியே போட்டாருன்னு நான் சத்தியம் பண்றேன். எனக்கு இந்தக் கப்பு வேணாம். அவரு பேரு ஏறட்டும்.”

யோகராணி பேனாவை எடுத்தாள். கம்பளிக்கு வெளியே அவன் ஷூ தெரிந்தது. அதில் தேயிலை இலை ஒன்று ஒட்டியிருந்தது.

“தம்பி, பதினாலுல நாலுன்னு போட்டிருக்கீங்க. அது அஞ்சு.”

நாலை அடித்துவிட்டு அஞ்சு என்று எழுதினாள்.

“அண்ணி, அப்படின்னா சமம். சமம்னா இன்னொரு குழி ஆடணும்.” சொல்லிவிட்டு அவனே பெஞ்சைப் பார்த்தான். ஆட ஆள் இல்லை.

அவள் கையெழுத்துப் போடாமல் பேனாவைக் கீழே வைத்தாள். அடுத்த மாதம் பலகையின் கடைசி வரியில் எஸ். ஞானராஜ் என்று ஏறியது. அதைப் பார்க்க ஞானராஜ் ஒரு தடவைகூட வரவில்லை.

தன் வெற்றியைப் பொய் சொல்லியாவது விட்டுக்கொடுக்க நினைத்தான் ஒருவன். பேனாவைத் திறந்து வைத்துவிட்டு முதுகைக் காட்டினார் ஒருவர். செத்துப்போன புருஷனின் பேரைத் தன் கையாலேயே இல்லாமல் செய்தாள் ஒருத்தி. இந்த மூவரில் சரியாகச் செய்தது யார், சொல்லுங்கள்?

விடை: கர்னல் செய்தது இரக்கம்தான். ஆனால் பாரம் முழுவதையும் அவள் கையில் வைத்துவிட்டார். ஞானராஜ் மனசு பெரிது. ஆனால் பதினான்காம் குழியில் நடந்தது அவனுக்குத் தெரியாது, அது தெரியாமலே பொய்ச் சத்தியம் பண்ண வந்தான். சரியாகச் செய்தவள் யோகராணிதான். அவள் பழக்கியது எழுத்தை மட்டும்தான். எண்ணிச் சொல்லிவிட்டுப் போடுவது அவனுடைய பழக்கம். அந்த அஞ்சைச் சொல்லாமல் போட்டிருந்தால், அது அவன் கையெழுத்தாக இருந்திருக்காது, ஊர் அர்த்தத்தில் ஒரு கேடியின் கையெழுத்தாகத்தான் இருந்திருக்கும். இது அவளுக்கும் தெரியும். தெரிந்தும், கடைசி வரியில் துணியை வைக்கும்போதெல்லாம் அவள் மனசு ஒன்றையே கேட்கிறது: அன்றைக்குச் செடிக்குள்ளே நான் அந்தப் பக்கம் திரும்பியிருந்தால், அவர் சொன்னது என் காதில் விழாமலே போயிருந்தால், இப்போது இந்த இடத்தில்—

சமையல்கட்டிலிருந்து யாரோ கூப்பிட்டார்கள்: “யோகராணி! பிள்ளை அழுவுது, வா!”