சித்தெறும்பு நிறுத்திய கூடு

முதுகுப்பாறைக் குளத்து எலிகளுக்கும் அணில்களுக்கும் திடீரென்று ஓர் ஆசை வந்துவிட்டது. மேலே போய்ப் பார்க்க வேண்டும்! மரத்து உச்சிக்கு இல்லை, மேகத்துக்குப் பக்கத்தில்!

"மேலேயிருந்து பார்த்தா என்ன தெரியும்?" என்று நாரைகளிடம் கேட்டன.

"மீன் தெரியும்" என்றன நாரைகள்.

"வேற?"

"பெரிய மீன் தெரியும்."

இதுகளைக் கேட்டுப் பயனில்லை, நாமே போய்ப் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான் என்று முடிவாயிற்று.

வேலைக்கு முள்ளம்பன்றி தலைமை ஏற்றது. கெட்டிக்காரத் தலைவர்தான். ஆனால் கோபம் வந்தால் முள்ளெல்லாம் சிலிர்த்துக்கொள்ளும். அதனால் அதற்குப் பக்கத்தில் நின்று யாரும் அதிகம் பேசியதில்லை. எதிர்த்து யாருமே பேசியதில்லை.

தூக்கணாங்குருவிகள் விட்டுப்போன கூடு ஒன்றை எடுத்தார்கள். உள்ளே பாசி மெத்தை போட்டார்கள். பக்கத்தில் ஒரு சன்னல் வைத்தார்கள். பனை நாரில் மூன்று கயிறு முறுக்கினார்கள். நார் அறுத்துக் கொடுப்பது நண்டு. கயிற்றின் மேல் நடந்து நடந்து இழை இழையாகப் பார்ப்பது சிலந்தி. ஒவ்வொரு கயிற்றையும் ஒரு நாரையின் காலில் கட்டினார்கள்.

வரியன் என்ற அணிலும் வெள்ளச்சி என்ற சுண்டெலியும் உள்ளே ஏறி உட்கார்ந்தார்கள். நாரைகள் சிறகை விரித்தன. கூடு எழும்பியது!

கீழே இருந்தவர்களுக்கு மூச்சே நின்றுவிட்டது. இறக்கை இல்லாத பிள்ளைகள் இரண்டு பேர் வானத்தில்!

இறங்கி வந்ததும் வெள்ளச்சி கத்தினாள்: "குளம் ஒரு தாமரை இலை அளவுதான் இருக்கு! நம்ம காடு முடியிற இடம் தெரியுது!"

"காடு முடியுதா?" என்று எல்லோரும் வாயைப் பிளந்தார்கள். காட்டுக்கு முடிவு உண்டு என்று அதுவரை அங்கே யாருக்கும் தெரியாது. அன்று குளத்தங்கரையில் ஒரே கும்மாளம். தவளைகள் தொண்டை கட்டும்வரை பாடின.

சிலந்தி மட்டும் கயிற்றைப் பார்த்துவிட்டு வந்தது. "தலைவரே, முடிச்சுப் பக்கம் ரெண்டு இழை அறுந்திருக்கு."

"அறுந்தும் பத்திரமா இறங்கிட்டாங்கல்ல? அப்ப அது நல்ல கயிறு!" என்றது முள்ளம்பன்றி.

இரண்டாம் தடவை மூன்று இழை அறுந்தது. மூன்றாம் தடவையும் மூன்று. நான்காம் தடவை ஐந்து. ஒவ்வொரு தடவையும் கூடு நல்லபடியாக இறங்கியது. கொசுக்கடி பழகுவது மாதிரி, அறுந்த இழையும் எல்லோருக்கும் பழகிப்போயிற்று.

ஐந்தாம் தடவைக்கு நாள் குறித்தார்கள். பத்து நாளாக வறட்டுக் காற்று. மிதித்த இலையெல்லாம் பொடிப்பொடியாயிற்று. ஏற்கெனவே இரண்டு தடவை தள்ளிப்போட்டாயிற்று. கரையில் கூட்டமான கூட்டம். எப்போது ஏறுவோம் என்று வரியனும் வெள்ளச்சியும் துடித்தார்கள்.

"தலைவரே, இந்தக் காத்துக்கு நார் விறைச்சுக் கிடக்கு. இன்னிக்கு வேண்டாம்" என்றது சிலந்தி.

முள்ளம்பன்றியின் முள் சிலிர்த்தது. "நாலு தடவையா நீயும் இதையேதான் சொல்றே! ஒரு தடவையாவது ஏதாச்சும் ஆச்சா?"

சிலந்தி என்ன சொல்லும்? ஆகவில்லைதான். அது கயிற்றைவிட்டு இறங்கிப் போயிற்று.

கூடு எழும்பியது. மருத மரத்து உச்சியைத் தாண்டியது. படக்கென்று ஒரு கயிறு முறிந்தது. கூடு ஒரு பக்கமாகச் சாய்ந்தது. பாரம் முழுதும் மற்ற இரண்டு கயிற்றின் மேல் விழுந்தது. அவையும் படக், படக்!

கூடு பாறையில் விழுந்து சிதறியது. வரியனும் வெள்ளச்சியும் செத்துப்போனார்கள்.

அன்று குளத்தங்கரையில் யாரும் சாப்பிடவில்லை.

மறுநாள் பேச்சுக் கிளம்பியது. "நாரை குலுக்கிடுச்சு" என்றது ஒன்று. "கண்ணு பட்டுப்போச்சு" என்றது இன்னொன்று. ஆமை கழுத்தை நீட்டிச் சொன்னது: "தரையில பொறந்தவங்க தரையிலதான் கிடக்கணும். நான் அப்பவே நெனச்சேன்!"

வெள்ளச்சியின் தங்கை கறுப்பிக்குப் பொறுக்கவில்லை. "தரையில கிடந்தா சாவு வராதாக்கும்? போன மழைக்கு எங்க வளையில தண்ணி பூந்து மூணு பேரு போனாங்க. அப்ப எங்கே போயிருந்தீங்க ஆமை மாமா? எங்கக்கா சும்மா விழுந்து செத்தான்னு ஆயிடக் கூடாது. ஏன் விழுந்தான்னு எனக்குத் தெரியணும். தெரிஞ்ச பிறகு, அவ எடத்துல நான் ஏறுவேன்!"

முள்ளம்பன்றி எழுந்தது. பாறைக்குப் போனது. சிதறிக் கிடந்த புல்லை ஒவ்வொன்றாக வாயில் கவ்விக் கொண்டுவந்து மணலில் வைத்தது. மற்றவர்களும் போய்ச் சேர்ந்துகொண்டார்கள். ஒன்பது நாள் பொறுக்கினார்கள். எந்தப் புல் எங்கே இருந்ததோ அங்கேயே வைத்து, மணல்மேல் அந்தக் கூட்டை மறுபடி பரப்பினார்கள்.

கயிற்றின் முனை கிடைத்தது. இழுத்து அறுந்த நார் பிசிறு பிசிறாக இருக்கும். இது காய்ந்த சுள்ளி மாதிரி முடிச்சில் முறிந்திருந்தது.

அப்போது நண்டு பக்கவாட்டில் நகர்ந்து நகர்ந்து முன்னே வந்தது. "அன்னிக்குக் கயித்து நுனியை நறுக்கும்போதே நார் மொறுமொறுன்னுதான் இருந்துச்சு, தலைவரே."

"ஏம்ப்பா சொல்லலை?"

நண்டு கண்ணை உள்ளே இழுத்துக்கொண்டது. "உங்க முள்ளுக்குப் பயந்துதான்."

முள்ளம்பன்றி அத்தனை முள்ளையும் முதுகோடு படிய வைத்துக்கொண்டது. எல்லோர் முன்னாலும் சொன்னது: "சிலந்தி நாலு தடவை சொல்லுச்சு. நான் கேக்கலை. நண்டு சொல்லவே பயந்துச்சு. அதுக்கும் நான்தான் காரணம். நாலு தடவை தப்பிச்சதை நான் கயித்தோட பலம்னு நெனச்சுட்டேன்."

அது தலை குனிந்தபோது யாரும் சிரிக்கவில்லை.

அதற்குப் பிறகு வேலை மாறிப்போயிற்று. மூன்று கயிறு இருந்த இடத்தில் ஆறு கயிறு. ஒன்று போனாலும் மற்றது தாங்க வேண்டும். பனை நாரை இரவெல்லாம் தண்ணீரில் ஊறப் போட்டார்கள். ஓர் இழை அறுந்தாலும் அந்தக் கயிறு மறுபடி மேலே போகாது. எல்லாவற்றுக்கும் மேலாக ஒரு வழக்கம் வைத்தார்கள். பறப்பதற்கு முன் வேலை செய்த ஒவ்வொருவரையும் கேட்க வேண்டும். இருப்பதிலேயே சின்னவரை முதலில் கேட்க வேண்டும், தலைவர் கடைசியில்தான் வாய் திறக்க வேண்டும். யாராவது ஒருத்தர் 'வேண்டாம்' என்றால் கூடு எழும்பாது!

ஆறாம் தடவைக்கு நாள் வந்தது. அடுத்த காட்டு யானைகள் மூன்று நாள் நடந்து பார்க்க வந்திருந்தன. கறுப்பி கூட்டுக்குள் ஏறி உட்கார்ந்துவிட்டாள்.

முடிச்சுத் துடைக்கப் புதிதாகச் சேர்ந்த சித்தெறும்பு ஒன்று இருந்தது. அதுதான் எல்லோரிலும் சின்னது. "ஏறலாமா?" என்று முதலில் அதைக் கேட்டார்கள்.

அது மூன்றாவது முடிச்சைத் திரும்பிப் பார்த்தது. "வேண்டாங்க."

எல்லோரும் எறும்பின் பக்கம் திரும்பினார்கள்.

"ஏன்னு சரியாச் சொல்லத் தெரியலீங்க. மூணாவது முடிச்சுல நடக்கறப்ப கால் வழுக்குது. நேத்து வழுக்கலை."

கிழட்டு யானை ஒன்று காதை விசிறியது. "இத்தூண்டு எறும்புக்குக் கால் வழுக்குச்சுன்னா, நாங்க இங்கே கால் கடுக்க நிக்கணுமா? நல்ல கூத்து!"

"கூட்டுக்குள்ள உக்காந்திருக்கிறது நீங்க இல்லீங்க, கறுப்பிதான்" என்றது முள்ளம்பன்றி.

கறுப்பியே சன்னல் வழியாகத் தலையை நீட்டினாள். "தலைவரே, நான்தான் ஏறிட்டேனே! போகட்டும் விடுங்க! எத்தனை நாளாக் காத்திருக்கேன்!"

"உங்கக்காளும் இப்படித்தான் அவசரப்பட்டா. நானும் சரின்னேன். இறங்கு தாயி."

கறுப்பி அழுதுகொண்டே இறங்கினாள். யானைகள் முணுமுணுத்தன. பாதிப் பேர் நடையைக் கட்டினார்கள்.

முடிச்சை அவிழ்த்துப் பார்த்தார்கள். நாரையின் காலில் இருந்த குளத்துப் பாசி கயிற்றில் ஒட்டியிருந்தது. அதுதான் வழுக்கல். பாசியோடேயே மறுபடி கட்டி, கறுப்பியைப் போல் நான்கு மடங்கு கனமுள்ள கல்லைத் தொங்கவிட்டு அந்திவரை சோதித்தார்கள். முடிச்சு ஓர் இம்மிகூட நகரவில்லை.

ஒன்றுமே இல்லை! கூடு அன்றைக்கே போயிருக்கலாம்!

ஆமைக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. "ஒரு எறும்பு பேச்சைக் கேட்டு ஊரே ஏமாந்துச்சு!"

சித்தெறும்பு வெட்கத்தில் ஓர் இலைக்கு அடியில் போய் ஒளிந்துகொண்டது. முள்ளம்பன்றி இலைக்குப் பக்கத்தில் போய்ப் படுத்தது.

"வெளியே வாப்பா. நேத்துவரைக்கும் பாசி பட்டா முடிச்சு என்னாகும்னு நம்மள்ல ஒருத்தருக்கும் தெரியாது. இன்னிக்குத் தெரியும். யாரால?"

எறும்பு மீசையை மட்டும் நீட்டியது. "நாளைக்கும் என்னைக் கேப்பீங்களா?"

"உன்னைத்தான் முதல்ல கேப்பேன்! கால் வழுக்குச்சுன்னா நாளைக்கும் வேண்டாம்னு சொல்லு. இன்னிக்கு உன்னைப் பார்த்து நான் சிரிச்சா, நாளைக்கு இந்தக் குளத்துல எவன் வாயைத் திறப்பான்?"

அதைக் கேட்டுக்கொண்டிருந்த கறுப்பி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நாரைகளின் காலைக் கழுவிவிட அவளே தண்ணீர் மொண்டு வந்தாள்.

மறுநாள் காலை. "ஏறலாமா?" என்று கேட்டார்கள்.

சித்தெறும்பு ஆறு முடிச்சையும் ஒரு சுற்றுச் சுற்றி வந்தது. யாரும் அவசரப்படுத்தவில்லை. கடைசியில் நெஞ்சை நிமிர்த்திச் சொன்னது: "ஏறலாம்!"

"ஏறலாம்!" என்றது சிலந்தி. "ஏறலாம்!" என்றது நண்டு. எல்லோரும் சொன்ன பிறகு முள்ளம்பன்றி சொன்னது: "ஏறலாம்."

கூடு எழும்பியது. மருத மரத்து உச்சி வந்தது. கீழே யாரும் மூச்சு விடவில்லை. கூடு அதையும் தாண்டியது! மேலே, இன்னும் மேலே!

உச்சியிலிருந்து சின்னதாய் ஒரு குரல் கேட்டது: "மழை நடந்து வருது! அதோட காலெல்லாம் தெரியுது! நம்ம பக்கம்தான் வருது!"

அந்தக் குளத்துப் பிராணிகள் அதற்குப் பிறகு இருபத்தேழு தடவை மேலே போய் வந்தார்கள். நான்கு தடவை யாரோ ஒருத்தர் 'வேண்டாம்' என்றார். நான்கு தடவையும் கூடு நின்றது. அதில் மூன்று தடவை ஒன்றுமே இல்லை. ஒரு தடவை ஆபத்து இருந்தது.

நேற்றுத் தப்பித்தது இன்றைக்குக் காவல் ஆகாது. சின்னவர் சொல்லும் 'வேண்டாம்' என்ற சொல்லுக்குப் பெரியவர் நின்று காது கொடுக்கிற கூட்டமே உயரப் பறந்து, உயிரோடு தரை இறங்கும்.