காய்க்காத இசங்கு

ஒரு ஊர்ல ஒரு வேலி இருந்துச்சு. ராஜா இல்ல, ராணி இல்ல, வெறும் வேலி. இசங்குச் செடி வேலி. கேக்குறியா? ம் சொல்லணும், இல்லாட்டி நான் சுவத்துக்கிட்டதான் கத சொல்லிக்கிட்டு இருப்பேன்.

இசங்கு இடுப்பு ஒசரம் வளரும். கணுவுக்குக் கணு நாலு முள்ளு, எல நுனியிலயும் ஒரு முள்ளு. கை வச்சா சுருக்குன்னு ஏறும். மார்கழியில வெள்ள வெள்ளையாப் பழம் பழுக்கும். ஆனா மருந்து அந்த எலையிலதான். அந்தக் காலத்துல புள்ள பெத்த பச்ச ஒடம்புக்கு இசங்கு எலையும் மொளகும் வச்சு அரைச்சு உருண்டையாக் குடுப்பாங்க. அம்மியில கரகர கரகரன்னு சத்தம் கேட்டா, எந்த வீட்லயோ புள்ள பொறந்திருக்குன்னு ஊருக்கே தெரிஞ்சிரும்.

வேலி நாச்சம்மா வீட்டு வேலி. ஊர்ல வேற எங்கயும் இசங்கு கெடையாது. எல்லாரும் அவ வேலியத்தான் நம்பியிருந்தாங்க. நாச்சம்மாவுக்கு ஒரே மக, பேரு பூமயிலு. கட்டிக் குடுத்து அஞ்சு வருசம். மூணு தடவ தரிச்சு, மூணு தடவயும் கலஞ்சு போச்சு. ஊருக்கெல்லாம் எல குடுக்குறேன், எம்மகளுக்கு ஒரு உருண்டை அரைக்கக் குடுத்து வைக்கலையேன்னு நாச்சம்மா உள்ளுக்குள்ள வெந்துபோனா.

அப்போ ஒரு நா சம்பந்தியம்மா வந்தா. வந்தவ மோரக் குடிச்சமா போனமான்னு இருந்தாளா? வேலிய ஒரு சுத்து சுத்திப் பாத்தா.

"ஏன் சம்பந்தி, பாதிச் செடியில பழமே காணமே. வீட்டு வேலியே மலடா நின்னா, பொண்ணு எப்பிடிப் பெப்பா?"

சொல்லிட்டு முந்தானைய ஒதறிக்கிட்டுப் போயிட்டா. பாழும் வாயி. நாச்சம்மாவுக்கு அன்னையில இருந்து சோறு எறங்கல. இந்தச் செடி காய்ச்சாத்தான் எம்மக வயித்துல தங்கும்னு மனசுல விழுந்துருச்சு.

ம்? முழிச்சிருக்கியா? சரி.

அப்புறம் என்ன செஞ்சா? மொத வருசம், காய்க்காத செடியிலெல்லாம் பழைய வெளக்கமாத்தையும் பிஞ்ச செருப்பையும் கட்டித் தொங்கவிட்டா. ரோசம் வந்து காய்க்கும்னு. காய்க்கல. ரெண்டாவது வருசம் கோடாலியத் தூக்கிக்கிட்டு வந்து, "இந்தா வெட்டப்போறேன்"னா. பூமயிலு குறுக்க வந்து, "வேணாம்மா, அடுத்த வருசம் காய்ச்சிரும்"னா. அப்பிடி ஒரு ஆள் மெரட்டி ஒரு ஆள் கெஞ்சணும், அதுதான் மொற. அப்பயும் காய்க்கல. மூணாவது வருசம் கெஞ்ச ஆள் கூப்புடல. சடக் சடக்குன்னு வெட்டி, வேரோட தோண்டி, காய்க்காத செடி எல்லாத்தையும் எரிச்சுப்புட்டா.

எரிச்ச மறு மாசமே பூமயிலு முழுகாம இருந்தா. இந்தத் தடவ தங்கிருச்சு. அஞ்சு மாசம், ஏழு மாசம், வளகாப்பு எல்லாம் ஆச்சு. பாத்தியா, நான் வெட்டுனதாலதான்னு நாச்சம்மாவுக்கு ஒரே பூரிப்பு.

அப்புறம் மார்கழி வந்துச்சு. மிச்சமிருந்த செடியப் போய்ப் பாக்குறா, ஒரு பழம் இல்ல. வருசா வருசம் கொத்துக் கொத்தாக் காய்ச்ச செடி, ஒத்தப் பழம் இல்லாம நிக்குது. இதுவும் மலடாயிருச்சே, எம்மக வயித்துக்கு ஏதாச்சும் ஆயிருமோன்னு நாச்சம்மாவுக்குப் பயம். பயத்துல புத்தி எங்க நிக்கும். அதையும் வெட்டித் தோண்டித் தீ வச்சா. பச்ச முள்ளு படபடன்னு வெடிச்சுச்சு.

தையில பூமயிலுக்குப் பொண்ணு பொறந்துச்சு. நல்லாத்தான் பொறந்துச்சு. மூணாம் நா பூமயிலுக்கு ஒடம்பு நெருப்பாக் கொதிச்சுச்சு. நாச்சம்மா எல பறிக்க வேலிக்கு ஓடுனா. அங்க என்ன இருக்கு? குழியும் சாம்பலுந்தான்.

ஓடுனா, ஓடுனா, வெயில்ல ரெண்டு ஊரு தாண்டி ஓடுனா. மூணாவது ஊர்ல ஒரு மருத்துவச்சி வீட்டு ஓரத்துல இசங்கு நின்னுச்சு. மருத்துவச்சி எலயப் பறிச்சு நாச்சம்மா மடியில போட்டுக்கிட்டே, "ஒங்க ஊர்லதான் பெரிய வேலி இருக்குமே"ன்னு கேட்டா. நாச்சம்மா நடந்ததச் சொன்னா.

மருத்துவச்சி கை நின்னுபோச்சு. "அடிப்பாவி. இசங்குல ஆணு தனி, பொண்ணு தனி. ஆண் செடி பூக்கும், காய்க்காது. அது இல்லாட்டி மத்தது எப்பிடிக் காய்க்கும்?"

நாச்சம்மா மடியக் கட்டிக்கிட்டுத் திரும்பி ஓடுனா. வீட்டு வாசல்ல பொம்பளைங்க கூடி நின்னாங்க. யாரும் அவ மொகத்தப் பாக்கல. அவளும் உள்ள போகல. நேரா அம்மிக்குப் போயி, எலய வச்சு, மொளகு வச்சு அரைச்சா. கரகர கரகர. ஊருக்கே கேட்டுச்சு. ஒருத்தரும் போதும்னு சொல்லல.

நேரத்துக்கு எல கெடச்சிருந்தா பூமயிலு பொழச்சிருப்பாளா? அது யாருக்குத் தெரியும் கண்ணு. நாச்சம்மாவுக்கும் தெரியல, சாகுற வரைக்கும்.

பாப்பாவா? பாப்பாவ நாச்சம்மாதான் ஆட்டுப் பால் குடுத்து வளத்தா. பாப்பா நடக்கையில, ஆட்டுத் தொட்டிக்கு அடியில தப்பிக் கெடந்த வேர்ல ஒரு தளிர் வந்துச்சு. நாலு முள்ளோட. மூணு வருசம் தண்ணி ஊத்துனா. பூத்துச்சு. காய்க்கல. நாச்சம்மா பக்கத்துல ஒக்காந்து, "நீதானாப்பா"ன்னு அழுதா. அழுதுட்டு எந்திரிச்சு, அன்னைக்கும் ஒரு கொடம் ஊத்துனா.

அம்புட்டுத்தான், கத வேலி தாண்டிப் போயிருச்சு. ம் சத்தத்தையே காணோம். தூங்கு, தூங்கு.