நூற்றைம்பது விருதும் ஒரு மலையும்

அந்தக் காலத்தில், பறவைக்கும் விலங்குக்கும் வாயும் இருந்தது, வழக்கும் இருந்தது. மலைக்கு ஒரு தலைவர் என்று அவரவர் பாட்டுக்கு ஆண்டுவந்தார்கள். ஈச்சம்பொத்தை மலைக்குத் தலைவர் கார்வண்ணன் என்கிற மயில். மயிலுக்கு அப்போது தோகை கிடையாது. வால் சாண் நீளம்தான். கிளம்பினால் விர்ரென்று உச்சிக்குப் போய்விடுவார். சுனையில் யார் முதலில் குடிப்பது, எந்தப் புதரடியில் யார் கூடு வைப்பது எல்லாம் அவர் சொல்படி நடந்தது. அவர் சொல் அவர் மனைவி மலையாயியின் சொல்படி நடந்தது.

இப்படி இருக்கையில் சமவெளியில் ஒரு புலி அரசனானான். எல்லா மலையும் தன் ஒருவன் சொல்லுக்கே கட்டுப்பட வேண்டும் என்று அவனுக்கு ஆசை. சண்டைக்குப் போனால் காயம் படும். அதனால் தலைவர்களையெல்லாம் அரண்மனைக்கு விருந்துக்குக் கூப்பிட்டான். "காலையில் நான் கண் விழிக்கும்போது யார் எதிரே நிற்கிறாரோ, அவருக்கு மூன்று விருது" என்றான். விருது என்றால் கண் வரைந்த நீள இறகு ஒன்று. அரசனே தன் கையால் வாலில் செருகிவிடுவான்.

ஒரே நாளில் திரும்புவதாகச் சொல்லிவிட்டுப் போன கார்வண்ணன் மழைக்காலம் முடியப்போகும்வரை திரும்பவில்லை.

மலையாயி நாலு முட்டைகளை அடைகாத்துக்கொண்டிருந்தாள். ஒருநாள் காலை அரசனின் அதிகாரி கீரி வந்து எதிர்ப்பாறையில் சட்டமாக உட்கார்ந்தது.

"தலைவர் இல்லாத மலை அரசருக்குச் சொந்தம். புதுச் சட்டம். இன்னைக்குப் பொழுது சாயறதுக்குள்ள உங்க வீட்டுக்காரர் உச்சிப்பாறையில வந்து நிக்கணும். இல்லேன்னா சுனை, புதர், கூடு எல்லாம் சர்க்காருக்கு."

"முட்டை?"

"கூட்டுல இருக்கறது கூட்டோட சேர்ந்ததுதானேம்மா" என்று கீரி சப்புக்கொட்டியது.

மலையாயி குரலை உயர்த்தினாள். "பொழுது இன்னும் சாயலையே. அதுக்கு முன்னாடி கூட்டுப் பக்கம் வந்தா, அரசர் சட்டத்தை அதிகாரியே மீறின மாதிரி ஆயிடும், பார்த்துக்கோ."

கீரிக்குச் சட்டம் என்றால் உயிர். பாறையைவிட்டு அசையவில்லை. மலையாயி முட்டைகளைச் சருகால் மூடிவிட்டுப் பறந்தாள்.

அரண்மனை முற்றத்தில் கார்வண்ணன் பெரிய தோகையை இழுத்துக்கொண்டு நடந்துகொண்டிருந்தார்.

"வந்துட்டியா புள்ள! இன்னையோட நூத்தம்பது. பக்கத்து மலைக் கரடியாருக்கு எத்தனை தெரியுமா? மூணே மூணு!"

"அழகாத்தாங்க இருக்கு" என்றாள் மலையாயி. பொய் சொல்லவில்லை, அழகாகத்தான் இருந்தது. "ஆனா பொழுது சாயறதுக்குள்ள நீங்க நம்ம பாறையில நிக்கலேன்னா மலையும் போகுது, முட்டையும் போகுது. கிளம்புங்க."

கார்வண்ணன் பதறிப்போய்ச் சிறகடித்தார். ஓர் ஆள் உயரம் எழும்பித் தொப்பென்று விழுந்தார். மறுபடி எழும்பினார், மறுபடி விழுந்தார். வெயில் மேற்கே இறங்கிக்கொண்டிருந்தது.

"அரசன் என்னைக் கட்டிக்கூடப் போடலையே" என்று தோகையைத் திரும்பிப் பார்த்தார். "நானே தினமும் விடியறதுக்கு முன்னாடி எந்திரிச்சுப் போய்க் கட்டுப்பட்டிருக்கேன். புடுங்கிடு புள்ள, எல்லாத்தையும்!"

மலையாயி அலகால் ஒவ்வொன்றாகப் பிடுங்கினாள். ஒவ்வொன்றுக்கும் அவர் "ஆவ்!" என்று அலறினார். முற்றமே சிரித்தது. அவர் சட்டை செய்யவில்லை. கடைசி இறகும் விழுந்ததும் இருவரும் ஜிவ்வென்று கிளம்பினார்கள்.

சூரியன் அடிவானத்தைத் தொடும்போது மொட்டை வாலோடு அவர் உச்சிப்பாறையில் நின்றார். கீரி ஏற இறங்கப் பார்த்தது.

"நீங்கதான் தலைவரா?"

அவர் பதிலுக்கு மலை அதிர "ஆவ்!" என்றார். சட்டம் சட்டம்தானே. கீரி பெருமூச்சு விட்டு இறங்கிப் போனது. மலையாயி சருகை விலக்கி முட்டைகளின் மேல் உட்கார்ந்தாள். அவளுக்கு நிறைவாக இருந்தது.

அரசன் செருகியது சதையில் வேர் விட்டிருந்தது போலும். அடுத்த மழைக்கு இறகெல்லாம் திரும்ப முளைத்துவிட்டன. கார்வண்ணனுக்கு உள்ளுக்குள் கொள்ளை மகிழ்ச்சி. விரித்துக்கொண்டு மனைவியைச் சுற்றிச் சுற்றி ஆடினார்.

"ஆடறதெல்லாம் நல்லா ஆடுங்க" என்றாள் அவள், இரை பொறுக்கியபடியே. "மழை விட்டதும் இறக்கி வெச்சுடணும்."

அன்று முதல்தான் ஆண்மயில் மழைக்கு விரித்தாடிய தோகையை மழை ஓய்ந்ததும் ஒவ்வொன்றாக உதிர்த்துவிடுகிறது. ஒரு விருதும் வாங்காத பெண்மயில் இன்றும் புதரடியில் உட்கார்ந்து முட்டை காக்கிறது.