உப்பளத்தில் ஒரு ஷாட்

“மேடம், மூணு படம் உங்ககூட வேலை பார்த்துட்டேன். ஒளியைப் பத்தி ஒரு வார்த்தைகூட நீங்க சொல்லித் தரலையே” என்றார் சூசைமாணிக்கம்.

தூத்துக்குடியில் பல வருஷம் கல்யாண வீடியோ எடுத்தவர். சினிமா ஒளிப்பதிவைக் கற்றே தீர்வது என்று ஐம்பது வயதில் ஸ்டூடியோவைப் பூட்டிவிட்டு, தன்னைவிட இளையவளான ஒளிப்பதிவாளர் திலகவதியிடம் உதவியாளராகச் சேர்ந்திருந்தார். பெரிய கம்பெனிகள் கூப்பிட்டும் போகாமல், சின்னக் குழுக்களோடு தனக்குப் பிடித்த படங்களை மட்டும் எடுப்பவள் அவள்.

“வெயில் ஏறுதுண்ணே. வாங்க.”

அவ்வளவுதான் பதில்.

அன்று உப்பளத்தில் படப்பிடிப்பு. அங்கேயே உப்பு வாரும் பேச்சித்தாய்தான் நடிக்கிறாள். காட்சிப்படி, வெளியூர் வேலைக்குக் கிளம்பும் மகளை அவள் வழியனுப்ப வேண்டும். எதிரே மகளாக நின்றதும் அவள் பெற்ற மகளேதான்.

சூசைமாணிக்கம் வெள்ளைத் தெர்மாகோல் பலகையைச் சாய்த்து, வெயிலைப் பேச்சித்தாயின் முகத்துக்குத் திருப்பினார். முகம் தகதகத்தது. இத்தனை அழகாகத் தான் எந்த முகத்தையும் காட்டியதில்லை என்று அவருக்குத் தோன்றியது.

பேச்சித்தாய்க்கு வசனம் வரவில்லை. திரும்பத் திரும்ப எடுத்தும் வரவில்லை.

“வேற ஆளை வச்சுக்கலாம்” என்றார் இயக்குநர்.

“எனக்கு இது சரிப்படாதுய்யா.” பேச்சித்தாய் தலைத்துண்டை உதறிக்கொண்டு வரப்பில் நடந்தாள்.

திலகவதி பலகையைத் தன் கையில் வாங்கிக்கொண்டாள்.

“அண்ணே, அந்தம்மா நின்ன இடத்துல போய் நில்லுங்க.”

நின்றார். பலகையைச் சாய்த்து வெயிலை அவர் முகத்துக்குத் திருப்பினாள்.

“மக தெரியுதா?”

கண்ணை இடுக்கிப் பார்த்தார். ஒரே வெள்ளை. வேறொன்றும் தெரியவில்லை.

அவர் பேச்சித்தாயின் பின்னால் வரப்பில் ஓடினார்.

“தாயி, தப்பு எம்மேல. இன்னும் ஒரே ஒரு தடவை வாங்க.”

அழைத்து வந்து நிறுத்தினார். பலகையை வாங்கித் தரையில் கவிழ்த்துப் போட்டார். பேச்சித்தாயின் பாதி முகம் நிழலுக்குள் போயிற்று.

கேமரா ஓடியது.

பேச்சித்தாய் மகளைப் பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள். எழுதிக் கொடுத்த வசனத்தை விட்டுவிட்டாள்.

“போ, புள்ள. உப்புல வெடிச்ச காலு இந்த வீட்டுல என்னோட போகட்டும்.”

மகள் அழுதுவிட்டாள். இயக்குநர் ‘கட்’ சொல்லவே மறந்துபோனார்.

திலகவதி திரும்பினாள்.

“ஒளி எப்படிண்ணே இருந்துச்சு?”

சூசைமாணிக்கம் விழித்தார்.

“பாக்கலையே, மேடம். அந்தம்மா பேசுனதையே கேட்டுக்கிட்டு நின்னுட்டேன்.”

திலகவதி தோளிலிருந்து கேமராவை இறக்கி அவரிடம் நீட்டினாள்.

“அடுத்த ஷாட் நீங்க எடுங்க.”